எட்டும் உயரம்

செடியின் அடியில், கணுக்கால் உயரம் வரைக்கும் ஒரு காய்கூட இல்லை.

ரேணுகாம்பாள் பூவாளியை வைத்துவிட்டுக் குனிந்து பார்த்தாள். நேற்று மாலை மண்ணைத் தொட்டபடி மஞ்சள் மணிகளாகத் தொங்கிய கொத்துகளில் இப்போது வெறும் காம்புகள். அணில் என்றால் பாதி கடித்த காய் கிடக்கும். குரங்கு என்றால் கிளையே முறிந்திருக்கும். இந்த ஊர்க் குரங்குகளின் நாகரிகம் அவளுக்குத் தெரியும். இதுவோ, பூக்காரி மொட்டு கிள்ளுவதுபோல ஒவ்வொன்றாக, முள் படாமல், பொறுமையாகப் பறிக்கப்பட்டிருந்தது.

டுராண்டா. அடி அண்ணாமலை நர்சரியில் வாங்கி, வேங்கிக்காலில் தன் ஓய்வூதியப் பணத்தில் கட்டிய வீட்டின் வாசலோரம் குழியெடுத்து, செம்மண்ணும் மக்கிய சாணமும் வேப்பம்பிண்ணாக்கும் கலந்து அவளே நட்ட செடி. "வேலிக்கு வைக்கிறவங்க வெட்டிக்கிட்டே இருப்பாங்க, அதான் அவங்களுக்குக் காய் புடிக்காது. நீங்க கத்திரியே வைக்காதீங்கம்மா" என்று நர்சரிக்காரர் சொல்லியிருந்தார். அவள் வைக்கவில்லை. செடி கூரையைத் தொடப் போனது. ஊதாப்பூ உதிர்ந்து காய் பழுத்த மாலையில் பக்கத்து வீட்டு மணிமொழி சுவருக்கு மேல் தலையை நீட்டினாள்.

"முதல் காய்ப்பு யாருக்குக்கா? கோயிலுக்கா?"

"தின்னா வயித்தால போற காய்டி இது. சாமிக்குக் குடுத்து எதுக்கு வம்பு? பசிச்சவங்க யாராச்சும் வந்து தின்னுட்டுப் போவட்டும்."

இருவரும் சிரித்தார்கள். விளக்கு வைக்கிற நேரம் அது.

அதற்கப்புறம்தான் இந்தப் பறிப்பு தொடங்கியது. கணுக்கால் உயரத்தில் நின்றது சீக்கிரமே முழங்காலுக்கு ஏறியது. யாரோ அளவுநூல் பிடித்த மாதிரி, கோட்டுக்குக் கீழே காம்பு, கோட்டுக்கு மேலே காய். ரேணுகாம்பாளுக்குக் கோபம்தான் முதலில் வந்தது. கொழுந்தன் குமரேசனுக்குப் போன் போட்டாள்.

"ஏன்டா, என்னை இங்கேர்ந்து கிளப்பறதுக்கு ஆள் வெச்சிருக்கியா?"

"ஐயோ அண்ணி! வீட்ட வித்துட்டு கீழ்பென்னாத்தூருக்கு வாங்கன்னேன், வாஸ்தவம்தான். அதுக்காவ காய் பறிக்க ஆள் வெப்பனா?"

அவள் மிளகாய்த்தூளைக் கரைத்துக் கொத்துகள்மேல் அடித்தாள். அன்று சாயங்காலம் விளக்கேற்றிவிட்டுக் கூடத்தில் உட்கார்ந்திருந்தபோது, பஸ் இரைச்சல் அடங்கிய ஒரு இடைவெளியில், செடிக்குள்ளிருந்து இருமல் கேட்டது. பால் குடிக்கும்போது பிள்ளைக்குப் புரையேறுமே, அந்த மாதிரிச் சின்ன இருமல். பிறகு தோட்டத்துக் குழாய் கிரீச்சென்று திறந்தது. ஆனால் தண்ணீர் தரையில் விழும் சத்தம் வரவில்லை. விழுவதற்கு முன்பே மடக் மடக்கென்று விழுங்கும் சத்தம், வெகுநேரம், மூச்சு விடாமல்.

காலையில் இடுப்பு உயரம் வரை காம்புதான்.

"வெட்டிப் போடுங்கக்கா" என்றாள் மணிமொழி. இப்போது அவள் சுவரோரம் வருவதில்லை. தெருவில் நின்றே பேசினாள். "நீங்கதான கூப்டீங்க, பசிச்சவங்க வரட்டும்னு. அதுவும் விளக்கு வைக்கிற நேரத்துல."

"செடிய வெட்டிட்டா அதுக்குப் பசி அடங்கிடுமா? அப்புறம் அது எங்க போயித் தின்னும்னு சொல்லு."

மணிமொழி செடியை ஒரு தரம் பார்த்துவிட்டு வீட்டுக்குள் போனாள். அன்றே தன் பக்கச் சுவருக்கு மேல் பச்சை வலை கட்டினாள்.

கோடு தோளுக்கு வந்தது. இருமல் கட்டையாகிவிட்டது, உடைந்த ஆண் குரலாக. செடியைச் சுற்றி ஈரமண்ணும் புளித்த பாலும் கலந்த ஒரு வாடை. தினமும் கொஞ்சம் ஜாஸ்தி. ரேணுகாம்பாள் முந்தானையால் மூக்கைக் கட்டிக்கொண்டாள். ஆனாலும் பாத்தியைக் கொத்தினாள், எரு போட்டாள், தண்ணீர் ஊற்றினாள். 

குமரேசன் சிரித்துக்கொண்டேதான் வந்தான். குடும்பத்திலேயே நெட்டையன் அவன். செடியருகே போய்க் கையை மேலே தூக்கினான். விரல்நுனிக்கும் மேலே, இன்னும் மேலே போனது வெறும் காம்பு. சிரிப்பு நின்றது.

"கிளம்புங்க அண்ணி. துணிப்பைய எடுங்க."

"உங்கண்ணன் இருந்த வரைக்கும் வாடகை வீட்டுக்காரன் போன்னு சொன்னப்பல்லாம் மூட்டை கட்டினேன். எத்தனை வீடு! இது என் வீடு. எவன் சொன்னாலும் போறதா இல்ல."

"இது எவனும் இல்ல அண்ணி..."

"எதுவா இருந்தாலும்."

அவனுடைய வண்டிச் சத்தம் தெருமுனையில் தேய்ந்தது. செடியின் உச்சியில், கூரை விளிம்புக்குப் பக்கத்தில், ஒரே ஒரு கொத்து மிச்சமிருந்தது.

மறுநாள் மாலை அதுவும் இல்லை.

அவள் விளக்கேற்றினாள். விளக்கு வைத்த வீட்டில் வாசற்கதவைச் சாத்த மாட்டார்கள். அவளும் சாத்தவில்லை. நாற்காலியை இழுத்து வாசலுக்கு நேராகப் போட்டு உட்கார்ந்தாள்.

இலை அசையவில்லை. இருமல் இல்லை. வாடை மட்டும் படியேறி வந்தது.

"தின்னு முடிச்சாச்சு இல்ல?" சத்தமாகவே கேட்டாள். "இனிமே இங்க உனக்கு ஒண்ணும் கிடையாது. வந்த வழியப் பாத்துப் போ."

சரளைக்கல் நெரிந்தது. ஒரு முறை. மறுபடி.

தெருவிளக்கின் வெளிச்சம் வாசலிலிருந்து மறைந்தது.

அவள் நாற்காலியின் கைகளைப் பிடித்துக்கொண்டாள். எழவில்லை.

"போன்னு சொன்னேன்."

நிலையின் மேல்கட்டையை வெளியிலிருந்து விரல்கள் பற்றின. உயரமானவர்கள் தலை இடிக்காமல் நுழையப் பிடிப்பார்களே, அப்படி. நகங்கள் மஞ்சளாக இருந்தன.

பிறகு அது குனியத் தொடங்கியது. முதலில் இடுப்பு வாசலுக்கு வந்தது. அப்புறம் மார்பு. அப்புறம் கழுத்து.

கழுத்து முடியவில்லை. இறங்கிக்கொண்டே இருந்தது.