ஏர்பேக் மாத்தியாச்சா?

செத்தவரின் சட்டைப் பையில் போன் அடித்தது!

எடுப்பதற்குள் நின்றும் போனது.

முத்தையாபுரம் ரோட்டோரம் நின்றிருந்த உப்பு லாரியின் பின்புறத்தில் கார் புகுந்திருந்தது. உள்ளே ஜேசுபாதம். ரிட்டயர்டு வாத்தியார். மனைவி போய்ச் சேர்ந்த பிறகு ஒண்டிக்கட்டை. ஸ்டியரிங் நெஞ்சில் பதிந்திருந்தது. காப்பாற்ற வேண்டிய ஏர்பேக் விரியவே இல்லை.

பிரேக் குழாயை யாரோ கத்தியால் அறுத்திருப்பதாக மெக்கானிக் சொல்லிவிட்டார்.

ஆக... கொலை.

இன்ஸ்பெக்டர் ஜெயஷீலா போனைத் திறந்து பார்த்தார். ஆறு மாதமாக, செவ்வாய்க்கிழமைதோறும் ஒரே நம்பரிலிருந்து அழைப்பு. வேறு ஒரு ஜீவனும் அந்த மனிதரைக் கூப்பிட்டதாகத் தெரியவில்லை. பாவம், கரண்ட் பில் மெசேஜ்கூட அவருக்கு உறவுதான்.

"யாருடே இது, விடாம கூப்பிடுறது?"

பக்கத்தில் அழுதுகொண்டிருந்த, ஜேசுபாதத்தின் அக்கா மகன் பெவின், தெரியாது என்றான். மாமாவின் காரில் ஏர்பேக் பழுது என்று கேள்விப்பட்டு, தானே கம்பெனி சர்வீஸ் சென்டரில் விட்டு மாற்றிக் கொடுத்ததாகச் சொன்னான். கையோடு பில்லையும் நீட்டினான். நல்ல பிள்ளை!

ஜெயஷீலா அந்த நம்பருக்கு அடித்து, ஸ்பீக்கரில் போட்டார். கார் கம்பெனியின் கால் சென்டர். பேசியவள் ஐஸ்வர்யா.

"அந்த மாடல்ல ஏர்பேக் பழுது மேடம். சட்டப்படி ஓனருக்குத் தெரியப்படுத்தணும். வண்டி வர்ற வரைக்கும் வாராவாரம் கூப்பிடுவேன். சார் அடுத்த வாரம், அடுத்த வாரம்னு சொல்லிட்டே இருக்கார்."

"மாத்தியாச்சுன்னு உங்க பில் இருக்கே?"

"இந்த வேலைக்குக் காசே வாங்கக் கூடாது மேடம். நாங்க பில்லே போட மாட்டோம்."

ஜெயஷீலா திரும்பினார். பெவின் அழுவதை நிறுத்தியிருந்தான்.

நாலு கேள்வியில் எல்லாம் வெளியே வந்தது. மாமா வீட்டை சர்ச்சுக்கு எழுதி வைத்துவிடுவார் என்ற பயம். நேற்று காரைக் கழுவித் தருகிறேன் என்று போய், பிரேக் குழாயை அறுத்திருக்கிறான்.

"ஏர்பேக் விரிஞ்சா பிழைச்சிருவாருல்லா... அதான் மாத்தியாச்சுன்னு பொய் பில் அடிச்சேன். மாமா அப்படியே நம்பிட்டாரு."

ஜேசுபாதம் இறந்துவிட்டார் என்று கேட்டு, லைனிலேயே விசும்பிக்கொண்டிருந்தாள் ஐஸ்வர்யா.

"இல்ல மேடம்... அவர் நம்பல. போன வார ரெக்கார்டிங் இருக்கு."

ஜேசுபாதத்தின் குரல் நிதானமாக வந்தது.

"பெவின் மாத்திட்டேன்னு பில்லைக் காட்டுதான் தாயி. பொய்யின்னு எனக்குத் தெரியும், வண்டி இங்கனயேதான நிக்கி. நெசமா மாத்திட்டா நீ அப்புறம் கூப்பிட மாட்டியே... சாப்பிட்டியாம்மா?"

ரெக்கார்டிங் முடிந்தது.

பெவின் தரையில் உட்கார்ந்துவிட்டான். "தெரிஞ்சேவா ஓட்டினாரு?"

அவன் கையில் விலங்கை மாட்டினார் ஜெயஷீலா.

"ஏலே, வாரம் ஒருக்கா சாப்பிட்டீங்களான்னு நீ கேட்டிருந்தா, வீட்டை உனக்கே எழுதிக் குடுத்திருப்பாரு. போனுக்கு அன்லிமிடெட் பேக்தானல போட்டிருக்க?"