குளக்கட்டு விபத்துக்கு ஒரு எண்

ஆஸ்பத்திரியில் ஒருவர் இறந்தால் அவருடைய வேலை முடிந்துவிடும். பிரேமிளாவின் வேலை அப்போதுதான் தொடங்கும். வாட்டிலிருந்து வரும் ரிக்கெட் என்ற நோயாளிக் குறிப்பேட்டைப் படித்து, அவர் எதனால் இறந்தார் என்று தடித்த புத்தகத்தில் தேடி, அதற்குரிய எண்ணைக் கணினியில் போடுவாள். பாம்பு கடித்தால் ஒரு எண், கிணற்றில் விழுந்தால் இன்னொன்று. அன்றும் மாங்குளத்து பஸ்ஸில் வந்து இறங்கி, ரெக்கோட் ரூமைத் திறந்து, மின்விசிறியைப் போட்டுவிட்டு உட்கார்ந்தாள்.

முதல் ரிக்கெட் பொன்னையாவினுடையது. துணுக்காய்ப் பக்கத்துக் கமக்காரர். குளக்கட்டின் கீழே, அலை அரிக்காமல் அடுக்கிய அலைகல்லில் சைக்கிளோடு கிடந்தவரைத் தூக்கி வந்திருந்தார்கள். நெஞ்சு நொறுங்கியிருந்தது. எப்படி நடந்தது என்ற இடத்தை டாக்குத்தர் வெறுமையாக விட்டிருந்தார். உறவினரிடம் கேட்டு அதை நிரப்புவது பிரேமிளாவின் பொறுப்பு.

கேட்கத் தேவையே இருக்கவில்லை. பொன்னையாவை இடித்தது அவளுடைய தம்பி ஜனகன். கனடா விசா கைக்கு வந்திருந்த பையன், சிநேகிதனின் காரை ஓடிப் பழகுகிறேன் என்று குளக்கட்டில் ஏற்றியிருக்கிறான். முதல் நாள் மாலை குசினிக்குள் வந்து அவள் காலடியில் இருந்து அழுதான்.

"அவர் கையைத் தூக்கிக் காட்டினவர் அக்கா. நான் நிப்பாட்டேல்லை. விழுந்த பிறகும் உயிர் இருந்தது. விட்டிட்டு வந்திட்டன்."

காக்கைக்கும் தன் குஞ்சு பொன் குஞ்சு. தாய் தகப்பன் போன பிறகு சோறூட்டி வளர்த்த தம்பியை மறியலுக்கு அனுப்ப எந்த அக்காவுக்கு மனம் வரும்? பிரேமிளாவுக்கு வரவில்லை.

பொன்னையாவின் மனைவி தங்கம்மா வந்தபோது அவளைக் கதிரையில் இருத்தித் தண்ணீர் கொடுத்தாள். சைக்கிளின் முன்சில்லு மடங்கிக் கிடக்கிறதே, ஏதும் வாகனம் தட்டியிருக்குமோ என்று தங்கம்மா கேட்டாள்.

"குடிச்சிருந்தவர் அம்மா. சாராயம் மணந்தது. தானாத்தான் விழுந்திருக்கிறார்" என்றாள் பிரேமிளா.

தங்கம்மாவின் அழுகை நின்றுவிட்டது.

"இனிக் குடிக்கமாட்டேன்னு பிள்ள தலையில அடிச்சுச் சத்தியம் பண்ணுனாருங்க மிஸ்" என்றாள் மெதுவாக. அதற்குமேல் அவள் புருஷனின் முகத்தைப் பார்க்கவில்லை. மூடியபடியே வண்டியில் ஏற்றச் சொன்னாள். பிள்ளையின் தலையில் பொய்ச்சத்தியம் செய்தவனுக்கு ஒப்பாரி கிடையாது என்று செத்த வீட்டில் சொன்னாளாம். மரண விசாரணைக்கு வந்தவரும் தங்கம்மா சொன்னதையே எழுதிக்கொண்டு போனார். பிரேமிளா, தானாக விழுந்தவருக்கான எண்ணைப் போட்டாள்.

மறுநாள் மத்தியானம் ரெக்கோட் ரூமில் குளத்துச் சேறு மணத்தது.

கணினியில் பொன்னையாவின் பெயருக்கு நேரே எண் இல்லை. திரும்பப் போட்டாள். கண்முன்னே அழிந்தது.

அலுமாரிகளுக்குப் பின்னால் யாரோ மூச்சு எடுத்தார்கள். நெஞ்செலும்பு உடைந்தவர்கள் எடுக்கிற மூச்சு. இழுக்கும்போது கரகரத்தது. விடும்போது சத்தமில்லை.

பிரேமிளா எழும்பவில்லை. திரும்பிப் பார்க்கவும் இல்லை.

அப்போதுதான் வெளியே அம்புலன்ஸ் வந்து நின்றது. ஜனகனைக் கொண்டு வந்திருந்தார்கள். மாங்குளத்தில் கடைக்குப் போனவன், துணுக்காய்க் குளக்கட்டில் கிடந்திருக்கிறான். நெஞ்சின் குறுக்கே ரயர் அச்சு. ஆனால் ஈரமான குளக்கட்டில் ஒரு சைக்கிள் தடத்தைத் தவிர எந்த வாகனத் தடமும் இல்லை என்று தூக்கி வந்தவர்கள் சத்தியம் செய்தார்கள்.

அவள் குனிந்து காதைக் கொடுத்தாள்.

"அந்த ஐயா வந்து ஏறச் சொன்னவர்" என்றான் ஜனகன். "கரியரில இருந்தனான். முன்னால கார் வந்தது. கையைக் காட்டினனான் அக்கா. நிக்கேல்லை."

"ஆர் ஓடினது?"

"நான்தான்."

பிரேமிளா ஓடிப்போய்ப் பொன்னையாவின் எண்ணை மாற்றினாள். காரில் மோதுண்ட சைக்கிள்காரர், வீதியல்லாத இடம் என்பதற்குரிய எண். இம்முறை எண் அழியவில்லை. ஜனகனின் மூச்சும் சீரானது. கணினிக்கு உண்மையைச் சொன்னால் போதாதா, ஊருக்கும் சொல்ல வேண்டுமா என்று நினைத்துக்கொண்டாள். தங்கம்மாவுக்கு அவள் ஆள் அனுப்பவில்லை.

அடுத்த மத்தியானம், நேர்சுகள் பார்த்துக்கொண்டிருக்க, கட்டிலில் படுத்திருந்த ஜனகன் கையைத் தூக்கினான்.

நெஞ்செலும்புகள் ஒவ்வொன்றாக முறிந்த சத்தம் வாட்டு முழுக்கக் கேட்டது.

சைக்கிளின் கரியரில் ஏறி வந்து காரில் அடிபட்டவருக்கும் அந்தப் புத்தகத்தில் தனியாக ஓர் எண் உண்டு. தம்பியின் ரிக்கெட்டுக்கு அதைப் பிரேமிளாதான் போட்டாள்.

தம்பியின் எட்டுச் செலவுச் சடங்கு முடிந்த கையோடு துணுக்காய்க்குப் போனாள். தங்கம்மாவின் காலில் விழுந்து, பொன்னையா குடிக்கவில்லை, இடித்தது தன் தம்பி, பொய் சொன்னது தான் என்று எல்லாவற்றையும் கொட்டினாள். தங்கம்மா முறத்திலிருந்த அரிசியில் கல் பொறுக்கியபடியே கேட்டுக்கொண்டிருந்தாள்.

"தெரியுங்க. அவரு வந்து சொல்லிட்டாரு" என்றாள். "ஒரு தம்பியையும் கூட்டிட்டு வந்தாரு. வந்ததுலேருந்து அழுதுகிட்டே இருக்கு."

பிரேமிளா நிமிர்ந்தாள். உள்ளறையில் யாரோ விக்கி விக்கி அழுவது கேட்டது. அந்தக் குரல் அவள் வளர்த்த குரல்.

"என்னோட விடுங்கோ அம்மா. நான் கூட்டிக்கொண்டு போறன்."

தங்கம்மா எழுந்து போய் அறைக் கதவைச் சாத்தினாள்.

"இருக்கட்டுங்க மிஸ்" என்றாள். "என் புருஷனுக்கு அழ இந்த வீட்டுல வேற ஆள் இல்ல."