வெறும் அறையின் சத்தம்

காலை பத்து மணி. கேசட் பேசவில்லை.

எழுத்தாளர் மறுபடி பொத்தானை அழுத்தினார். செத்துப்போன மனைவியின் குரல் அந்த ஒரு கேசட்டில்தான் மிச்சம். தினமும் கேட்பார். இன்று மின்விசிறியின் கிறீச் மட்டும் வந்தது. எங்கோ ஒரு கதவு. அப்புறம் ஒன்றுமில்லை.

"அவ போயிட்டா மச்சான். வீட்டை மட்டும் விட்டுட்டுப் போயிட்டா."

மச்சான், செத்தவளின் அண்ணன். ஓய்வுபெற்ற போலீஸ்காரர். பெற்ற தாய் சத்தியம் செய்தாலும் சாட்சி கேட்கிற ஆள்.

"செத்தவ ஒரு தடவைதான் போவா மாப்ளே. இது கையால போனது. நேத்து யார் வந்தா?"

வந்தது இருவர். எழுத்தாளரின் விண்வெளி நாவலைப் படமாக்கும் இயக்குநர், அவருடைய ஒலிப்பதிவாளர். நாவலில் ஒரு கப்பல், கடைசி மனிதனோடு பேசும். அதற்கு இந்தக் குரல்தான் வேண்டும் என்று இயக்குநர் ஒற்றைக்காலில் நின்றார். "செத்தவளை நடிக்க அனுப்ப மாட்டேன்" என்றுவிட்டார் எழுத்தாளர்.

மச்சான் இருவரையும் வரவழைத்தார்.

"குரல் வேணும்னு கேட்டது நீ. கேசட் இருந்த அறைக்குள்ள போனியா?"

"போன் பேசப் போனேன். இவனும்தான் போனான்." இயக்குநர் எரிந்து விழுந்தார். "இவனைக் கூட்டிட்டு வந்தாலே ரோதனை ஐயா. எந்த வீட்டுக்குப் போனாலும் ஆளை வெளிய தள்ளிட்டு வெறும் அறையைக் கேசட்டுல பதிவு பண்ணுவான். வசனத்துக்கு நடுவுல ஒட்டுப்போட அது வேணுமாம்."

மச்சான் கேசட்டை இன்னொரு முறை ஓடவிட்டார். பிறகு ஒலிப்பதிவாளர் பக்கம் திரும்பினார்.

"புதுக் கேசட்டுன்னா உஸ்ஸுன்னு இரையும். அழிச்சதுன்னாலும் அதேதான். இதுல இந்த அறை மின்விசிறி ஓடுது. ஆளில்லாத அறையைப் பிடிச்சு வைக்கிற கிறுக்கு வேற யாருக்கு இருக்கு? மாத்தி வச்சது நீ."

ஒலிப்பதிவாளர் தலையைக் குனிந்துகொண்டார். "மாத்தி வைக்கக் கையில இருந்தது அது ஒண்ணுதான்." பையிலிருந்து கேசட்டை எடுத்தார். "ராத்திரியே படத்தோட சேர்த்துப் பார்த்தேன் சார். உங்க வசனத்துக்கு இதுல வார்த்தையே இல்ல. ஒரு வரிதான் பொருந்துச்சு. விளக்கெல்லாம் அணைஞ்சு அந்த மனுஷன் தனியா கிடக்கிறப்போ கப்பல் கேக்குறது."

"படத்துலேர்ந்து தூக்கு" என்றார் மச்சான்.

"எந்த வரி?" என்றார் எழுத்தாளர்.

ஒலிப்பதிவாளர் கேசட்டைப் போட்டார். அவள் குரல் வந்தது.

"எங்க இருக்கீங்க? சாப்பாடு ஆறுது."

"இதோ வந்துட்டேன்" என்றார் எழுத்தாளர்.

எழுந்து சமையலறைக்கு நடந்தார். இயக்குநர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். மச்சான் அவர் கையைப் பிடித்து அழுத்தினார். உள்ளே நாற்காலி இழுபடும் சத்தம் கேட்டது.