பின்கதவுக் கூடு

அப்பா இறந்து ஒரு வாரமாகியும் அவளுக்கு அழுகை வரவில்லை. உள்ளே யாரோ ஃபியூஸைப் பிடுங்கிவிட்டது போலிருந்தது. துப்பறிபவரிடம் விஷயத்தைச் சொன்னபோதுகூட, பக்கத்து வீட்டுச் சமாச்சாரம் போலத்தான் சொன்னாள்.

"நான் வெளியூர். அப்பாவுக்குக் காது கேட்காது, போன்ல பேச முடியாது. அண்ணன்தான் தினமும் வந்து பார்த்துக்கிட்டேங்கறான். எதிர்க்கடை டெய்லர், அவன் முகத்தைப் பார்த்தே மாசக்கணக்காச்சுங்கறார். அப்பா கடைசியில தனியா இருந்தாரா, இல்லையா? அது தெரிஞ்சா போதும் சார்."

துப்பறிபவர் எழுவதற்குள் அவருடைய மைத்துனர் செருப்பை மாட்டிக்கொண்டு வாசலில் நின்றார். மற்ற வேலைக்கெல்லாம் ஆமையாக நகர்பவர், துப்பு என்றால் மட்டும் முதல் ஆள்.

அப்பாவின் வீட்டில் அண்ணன் காத்திருந்தான். "முன்பக்கம் வண்டி நிறுத்த இடமில்ல சார். சந்துல விட்டுட்டுப் பின்கதவாலதான் வருவேன். டெய்லருக்கு எப்படித் தெரியும்? அப்பா போறதுக்கு முந்தின சாயங்காலம்கூடச் சாப்பாடு குடுத்துட்டுத்தான் போனேன்."

கதை கச்சிதமாக இருந்தது. அவளுக்கு நம்பவும் தோன்றவில்லை, சந்தேகப்படவும் தோன்றவில்லை.

பின்கதவின் தாழ்ப்பாள் தொட்டதும் விலகியது. "அடிக்கடி திறந்த கதவுதான் அத்தான்!" என்று இழுக்கப் போன மைத்துனரின் கையைத் துப்பறிபவர் பிடித்துக்கொண்டார்.

"அவசரப்படாதீங்க மாப்பிள்ளை. மேல பாருங்க."

மேல் மூலையில் பழுப்பாக ஒரு கூடு. பாதி கதவிலும் பாதி நிலைச்சட்டத்திலுமாக ஒட்டிக்கொண்டிருந்தது.

"அந்துப்பூச்சிக் கூடு. கதவு திறந்திருந்தா பிஞ்சு போயிருக்கும்."

"அப்பா போனப்புறம் கட்டியிருக்கும்," என்றான் அண்ணன் சட்டென்று. "ஒரு வாரமா வீடு பூட்டித்தானே கிடக்கு?"

மைத்துனரின் முகம் தொங்கிவிட்டது. "அதுவும் நியாயந்தானே அத்தான்?"

துப்பறிபவர் டார்ச் அடித்தார். கூட்டின் நுனியில் வட்டமாக ஓர் ஓட்டை. உள்ளே காய்ந்த தோல் மட்டும் இருந்தது.

"இது காலிக்கூடு. புழு உள்ளே அடைஞ்சு, இறக்கை முளைச்சு, பூச்சியா வெளியே வந்து பறந்தும் போயிடுச்சு. எங்க வீட்டு மரத்துல வருஷா வருஷம் பார்க்கறேன், இதுக்கு ஒரு மாசமாவது ஆகும். ஒரு வாரத்துல ஆகற வேலையில்ல தம்பி. அப்பா உயிரோட இருந்தப்பவே இந்தக் கதவு திறக்கறது நின்னுபோச்சு. முன்கதவு டெய்லர் கண்ணுக்கு எதிர்ல இருக்கு. வேற வழி ஏது?"

அண்ணன் சுவரில் சாய்ந்தான். "முதல்ல வந்துக்கிட்டுத்தான் இருந்தேன். அப்புறம் இன்னிக்கு, நாளைக்குன்னு தள்ளிப்போச்சு. நீ மட்டும் வந்தியா?"

"வரலை," என்றாள் அவள். "நீ இருக்கேன்னு நம்பி வரலை. தினமும் போன்ல கேட்பேனே, அப்பா சாப்பிட்டாரான்னு. என்னென்ன சாப்பிட்டார்னுகூடச் சொன்னியே அண்ணா, அதெல்லாம் என்ன?"

அவன் தரையைப் பார்த்தபடியே சொன்னான். "அன்னன்னிக்கு நான் சாப்பிட்டது."