காளான் சாயும் பக்கம்

அன்று மதியம் தட்டுகளில் இருந்த காளான்கள் தப்பான பக்கம் சாய்ந்திருந்தன.

வீட்டுக்குப் பின்னால் இருந்த வளர்ப்பறையில் வெளிச்சம் வருவது பக்கச்சுவரில் பதித்த சின்னக் கண்ணாடி வழியாக மட்டும்தான். சாணத்தில் முளைக்கும் இந்தக் காளான், சுண்டுவிரல் நகம் அளவுக் குடையும் நூல் போன்ற தண்டுமாக, எப்போதும் அந்தக் கண்ணாடியைப் பார்த்துத்தான் வளையும். அதைக் காயவைத்து மருந்து செய்கிறவர்களுக்குக் கொடுப்பது புகுந்த வீட்டின் தொழில். கல்யாணமான நாளிலிருந்து அவளும் இந்தச் சாணத் தட்டுகளோடு மல்லுக்கட்டுகிறாள். இன்று ஒன்றுகூடக் கண்ணாடியைப் பார்க்கவில்லை. எல்லாம் கதவருகே நின்ற அவளைப் பார்த்து வளைந்திருந்தன.

"உங்களுக்கும் நான்தான் வேணுமா?" என்றாள். வீட்டில் ஒருத்தன் பாலுக்காக உயிரை எடுக்கிறான், இங்கே இத்தனை பேரா என்று சிரிப்புகூட வந்தது. பல் முளைக்கிற வயது அவனுக்கு. தூங்கி எழுவதற்குள் தண்ணீர் தெளித்துவிட்டுப் போய்விட வேண்டும்.

தெளித்துக்கொண்டே அறையின் கோடிவரை போனாள். திரும்பினால், குடைகள் அத்தனையும் கோடிப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தன. சிரிப்பு போன இடம் தெரியவில்லை.

வெளியே தாழ்ப்பாள் விழுந்தது.

உள்ளே ஆள் இருந்தால் வாசலில் செருப்பு கிடக்கும். செருப்பு இல்லையென்றால் ஆளும் இல்லை, கிருமி புகாமல் கதவைத் தாழிடலாம். இது அந்த வீட்டுப் பழக்கம். காலையில் அவளுடைய செருப்பு வார் அறுந்துபோனதால் வெறுங்காலோடு வந்திருந்தாள். நாத்தனாரை வீட்டில் 'அவசரம்' என்றுதான் கூப்பிடுவார்கள். போகிற போக்கில் வாசலைப் பார்த்திருப்பாள், தாழைப் போட்டிருப்பாள்.

"அவசரம், நான் உள்ள இருக்கேன்டி."

கத்தினாள். கதவைக் குத்தினாள். ஈரக்காற்று ஊதும் மோட்டாரின் இரைச்சலில் அவள் குரல் அவளுக்கே கேட்கவில்லை.

வேகவைத்த சாணத்தின் புளித்த வாடை, நனைந்த சாக்கு வாடை, அதற்கும் அடியில் இதுவரை இங்கே இல்லாத ஏதோ ஒரு இனிப்பு வாடை எல்லாம் ஒன்றாகச் சேர்ந்து தொண்டைக்குள் இறங்க, கதவில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்தாள். பால் கட்டி மார்பு கனத்தது. பயமாக இருந்தது. இந்தக் காளான் விதையைச் சும்மா தூவினால் முளைக்காது. மாட்டு வயிற்றின் சூடு வேண்டும். அதனால்தான் காய்ச்சல்காரன் நெற்றியைப் போலச் சுடுகிற தண்ணீரில் ஊறவைத்துத் தூவுவார்கள். இந்தக் குளிர்ந்த அறைக்குள் அவ்வளவு சூடாக இப்போது இருப்பது எது என்று யோசித்தாள். யோசித்திருக்கக் கூடாது.

குடைகளிலிருந்து கறுப்புத் தூள் கிளம்பியது. புகை மாதிரி மெல்ல வந்து அவள் கையில் படிந்தது. துடைத்தாள். போகவில்லை. முந்தானையால் மூக்கைப் பொத்தினாள். அதற்குள் நாக்கில் கசப்பு.

விரல் நுனி அரித்தது. நகத்தடியில் வெள்ளையாக ஒரு நூல். பிடித்து இழுத்தாள். முழங்கைவரை வலித்தது.

மின்சாரம் போய் மோட்டார் நின்றது.

வெளியே குழந்தை அழும் சத்தம். "அண்ணி, எங்க போனீங்க? இவன் முழிச்சுட்டான், உங்களத்தான் தேடறான்."

கதவைத் தட்டினாள்.

"ஐயய்யோ, உள்ளயா இருக்கீங்க? செருப்பக் காணோமேன்னு தாழ் போட்டுட்டேன். இருங்க அண்ணி, தொறக்கறேன்."

தாழ் விலகியது. கதவு வெளிப்பக்கமாக ஒரு சாண் திறந்தது. வெயில். அவன் பவுடர் மணம். இடுக்கு வழியாகக் குட்டிக் கை ஒன்று நீண்டது. அவள் எழுந்து அதைத் தொடப் போனாள்.

பின்னால் சரசரவென்று ஒரு சத்தம். திரும்பினாள். தட்டு தட்டாகக் குடைகள் அவளை விட்டுத் திரும்பிக்கொண்டிருந்தன. அந்தக் கையைப் பார்த்து.

குட்டிக் கையை வெளியே தள்ளினாள். கதவை இழுத்துச் சாத்தி, கைப்பிடியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"தொறக்காத. அவனத் தூக்கிட்டுப் போயிடு."

"என்ன அண்ணி, விளையாடறீங்களா? கொழந்த அழுவுது." நாத்தனார் அந்தப் பக்கமிருந்து இழுத்தாள்.

அவன் வீறிட்டான். பால் சுரந்து ரவிக்கை நனைந்தது. விடவில்லை. உயிரைக் கொடுத்துப் பிடித்தாள்.

கைப்பிடியைப் பார்த்தாள். நகத்துக்கு நகம் ஈரமாக, சின்னதாக, குடை விரிந்திருந்தது. எல்லாம் அழுகை வரும் பக்கம் வளைந்தன. பிறகு, அவளைக் கேட்காமலே, விரல்கள் ஒவ்வொன்றாகக் கைப்பிடியை விட்டு நிமிர்ந்து, அந்தப் பக்கமே வளைந்தன.