வெளியே போன நீலக் காலடிகள்

அலமாரியில் அம்மாவின் மைப்புட்டி இருந்தது. அம்மா போன வருஷம் இறந்துவிட்டாள். மை காய்ந்து அடியில் ஒட்டிக்கொண்டிருந்தது.

ஹம்சா அதில் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் குலுக்கினாள். நல்ல நீலம் வந்தது.

"இந்த மையால படம் மட்டும் போடாதே. எழுந்து போயிடும்" என்று அம்மா சொல்வாள். சொல்லிவிட்டுச் சிரிப்பாள். அதனால் ஹம்சா அதை வேடிக்கைப் பேச்சு என்றே நினைத்திருந்தாள்.

அன்று கோகுலாஷ்டமி. பள்ளிக்கூடம் லீவு. அவர்கள் குடியிருந்தது மயிலாப்பூரில் ஒரு ஸ்டோர். வரிசையாக வீடுகள், எல்லோருக்கும் ஒரே நடை. எல்லா வீட்டிலிருந்தும் எண்ணெய் வாசனை.

ஹம்சா பேனாவில் மை நிரப்பிப் படம் போட உட்கார்ந்தாள். என்ன போடுவது என்று முடிவு செய்யவில்லை. முதலில் காது வந்தது. பெரிய காது. பிறகு உருண்டை உடம்பு. நாலு குட்டிக் கால். ஒரு வாய். மூக்கை நீட்டலாமா வேண்டாமா என்று யோசித்தபோது...

டப்!

சமையலறையில் சீடை வெடித்தது.

"ஹம்சா! தட்டு எடுத்துண்டு வா! மூடணும்!" என்று அப்பா கத்தினார். அப்பா சீடை செய்வது இதுதான் முதல் தடவை.

தட்டைக் கொடுத்துவிட்டு ஹம்சா திரும்பி வந்தாள். தாள் வெள்ளையாக இருந்தது.

அவள் தாளைத் திருப்பிப் பார்த்தாள். பின்பக்கமும் வெள்ளை. கீழே பார்த்தாள். தரையில் சின்னச் சின்ன நீலக் காலடிகள். மேஜையிலிருந்து கூடம், கூடத்திலிருந்து வாசல், வாசலிலிருந்து நடை.

"அடி ராமா!" நடையில் பக்கத்து வீட்டு ஜானு மாமி நின்றுகொண்டிருந்தாள். "யாருடி இந்தக் காலைப் போட்டது?"

கோகுலாஷ்டமிக்கு வாசலிலிருந்து பூஜை அறை வரை மாவால் குட்டிக் கால்கள் போடுவார்கள். கிருஷ்ணர் உள்ளே வருகிறார் என்று அர்த்தம்.

"மைல போட்டிருக்கே. அதுவும் வெளில போறாப்ல! பண்டிகையும் அதுவுமா கிருஷ்ணர் ஆத்தை விட்டுப் போகலாமா? இரு, துடைச்சுடறேன்." மாமி ஈரத்துணி எடுத்துவரக் குழாயடிக்குப் போனாள்.

ஹம்சா காலடிகளின் பின்னாலேயே ஓடினாள்.

தெருவில் இஸ்திரி வண்டிக்காரர் சக்திவேல் வெள்ளைச் சட்டைகளைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார்.

"பாப்பா, இன்னா இது? எலியா, பன்னிக்குட்டியா? சாயம் ஒழுகிக்கினு கீது! சட்டை மேல ஏறிடப் போவுது!"

வண்டிச் சக்கரத்தின் பக்கத்தில் அது நின்றது. பூனைக்குட்டி அளவுதான். வெளிறிப் போயிருந்தது.

"நான் யாரு?" என்று அது ஹம்சாவைக் கேட்டது. "காது பெரிசா இருக்கு. யானையா?"

"தெரியலியே" என்றாள் ஹம்சா.

"பூனையைக் கேட்டேன். ஓடிப்போச்சு. இவரைக் கேட்டேன். சட்டையைத் தூக்கறார். கேட்டுக் கேட்டு நடக்கறேன். நடக்க நடக்கக் குறைஞ்சுண்டே வரேன்."

அதன் முன்னங்கால் வழியாக வண்டிச் சக்கரம் தெரிந்தது. இன்னும் கொஞ்ச தூரம் நடந்தால் ஒன்றுமே மிஞ்சாது.

எந்தப் பக்கம் போவது என்று தெரியாமல் அது வட்டமடித்தது. அதன் பின்னங்கால் பழைய காலடி ஒன்றின் மேல் பட்டது. தரையில் இருந்த காலடி மறைந்தது. கால் மட்டும் பளிச்சென்று நீலமானது.

ஹம்சா அதைப் பார்த்துவிட்டாள்.

"உன் மைதான் தரையில இருக்கு! வந்த வழியே திரும்பி நட. ஒரு காலடி விடாம மிதிச்சுண்டு வா!"

அது திரும்பி நடந்தது. முதலில் கால்கள் நிறைந்தன. பிறகு வயிறு.

அதற்குள் மாமி வாசலில் குனிந்து துடைக்கத் தொடங்கிவிட்டாள்.

"மாமி! துடைக்காதீங்கோ!"

"போடி! வெளில போற கால் ஆத்துல இருக்கப்படாது!"

"போனவா திரும்பி வர வழி வேண்டாமா மாமி?"

மாமியின் கை நின்றது. ஹம்சாவின் முகத்தைப் பார்த்தாள். மூக்கை உறிஞ்சினாள். ஈரத்துணியை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு ஓரமாக நகர்ந்தாள்.

அது ஒவ்வொரு காலடியாக மிதித்து வந்தது. மாமி துடைத்த இடத்தில் மட்டும் தாண்டிக் குதித்தது. அதனால் ஒரு காது வெளிறியே இருந்தது.

"என்னடி இது? முயலா? நாய்க்குட்டியா?"

அது ஒரு காலைத் தூக்கியபடி நின்று ஹம்சாவைப் பார்த்தது. போட்டவள் அவள்தான். அவளுக்கே தெரியவில்லை.

"தெரியல மாமி. எங்காத்துது."

அதன் இரண்டு காதும் நிமிர்ந்தன. ஓட்டமாக உள்ளே போனது.

அப்பா சீடைத் தட்டோடு வந்தார். மூக்குக் கண்ணாடி முழுக்க மாவு. அதைப் பார்த்தார். மைப்புட்டியைப் பார்த்தார்.

"கடிக்குமா?"

"தெரியலப்பா."

"சீடை தின்னுமா?"

"தெரியலப்பா."

அப்பா ஒரு சீடையைக் கீழே வைத்தார். கடுக்முடுக்கென்று சத்தம் கேட்டது.

அதன் பிறகு அது யாரிடமும் எதுவும் கேட்கவில்லை. இன்னொரு சீடையைத் தவிர.