வளைந்து நடக்கிற வீடு

அடுப்படியிலிருந்து வாசலுக்கு நேராகவே வந்துவிடலாம். ஆனால் ஜெயசுதா வளைந்து வந்தாள்.

எழில்மதி லேப்டாப்பில் அதைத் திரும்ப ஓடவிட்டாள். குடத்தோடு வந்தவள் நடுக்கூடத்தில் ஒதுங்கி, எதிரே வரும் ஆளுக்கு வழி விடுவதுபோல் தோளைச் சாய்த்து, மறுபடி நேரானாள். அங்கே வெறும் சிமெண்டுத் தரை. அடுத்த காட்சியில் அவள் மாமியார் ஆயம்மாளும் அதே இடத்தில் ஒதுங்கினாள். மரவள்ளி மூட்டை சுமந்து வந்த ஜெயசுதாவின் புருஷன் பழனியும்.

வெளியே கல்வராயன் மலைமேல் மழை கட்டிக்கொண்டு நின்றது. சாயங்காலமே கூடம் இருண்டு, ஈரக் கிழங்கு மண்ணோடு வேறெதுவோ புளித்த வாடையும் சேர்ந்து மூக்கில் ஏறியது. இந்தக் குடும்பத்தின் அன்றாடத்தைப் படமெடுக்க எழில்மதி வந்து ஒரு மாதமாகிறது. "நான் இங்க இல்லன்னு நெனச்சுக்குங்க. கேமராவப் பாக்காதீங்க, அதப்பத்தி எங்கிட்ட பேசவும் வேணாம்" என்று வந்த அன்றே சொல்லியிருந்தாள். மற்ற ஊர்களில் ஜனங்கள் அதற்குப் பழக நாளாகும். இவர்கள் அன்றைக்கே பழகிவிட்டார்கள். "பாக்காம இருக்கறது எங்களுக்கு வழக்கந்தான்" என்று ஆயம்மாள் சிரித்தாள். அதைக் கேட்டுச் சந்தோஷப்பட்டாளே, முட்டாள்!

இவர்கள் எதையோ மறைக்கிறார்கள். என்னத்தைப் புதைத்து வைத்திருக்கிறார்கள் அங்கே?

அடுப்படிக்குப் போனாள். ஜெயசுதா கிழங்கு சீவிக்கொண்டிருந்தாள்.

"நடுக்கூடத்துல இன்னா இருக்கு ஜெயசுதா?"

கத்தி நின்றது. ஜெயசுதா நிமிரவில்லை.

"நாங்க யாரும் பாக்க மாட்டோங்க்கா. பாக்காத வரைக்கும் அது பாட்டுக்கு நின்னுக்கினு இருக்கும். பாக்கறவங்ககிட்ட வந்துடும்."

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

"நீங்கதான கேமராவப் பத்திப் பேசக் கூடாதுன்னீங்க? மாசம் பூரா கேமரா வழியா அது நிக்கற எடத்தையேதான் பாத்துக்கினு இருந்தீங்க." கத்தியை மறுபடி கிழங்கில் வைத்தாள். "அது எங்கள விட்டு நகருதேன்னு அத்தைக்கும் சந்தோசமாத்தான் இருந்துச்சு."

பாவி! தெரிந்தே விட்டிருக்கிறாள் ஆயம்மாள்.

எழில்மதி ஓடிவந்து பழைய காட்சிகளை வரிசையாகத் தட்டினாள். முதல் வாரம், நடுக்கூடத்தில் ஒதுங்கினார்கள். அடுத்த வாரம், கொஞ்சம் இந்தப் பக்கம். அதற்கடுத்து, இன்னும் கிட்டே. நேற்று, சுவரை உரசிக்கொண்டு போனார்கள். கேமராவைச் சுற்றி.

கரண்ட் போனது.

புளித்த வாடை. இப்போது பிடரியில்.

திரும்பாதே. திரும்பிப் பார்க்காதே.

பழனி மூட்டையோடு உள்ளே வந்தான். நடுக்கூடத்தில் ஒதுங்கவில்லை. நேராக நடந்தான். அவளருகே வந்ததும் வளைந்தான்.

"பழனி அண்ணே, என்னப் பாருங்க. ஒரே ஒரு தடவ."

பார்க்கவில்லை.

ஆயம்மாள் விளக்கோடு வந்தாள். "அம்மா, என் பேரச் சொல்லிக் கூப்புடுங்கம்மா!" வாய்விட்டு அழுதாள் எழில்மதி. ஆயம்மாள் தலையைக் குனிந்துகொண்டு, முதுகு சுவரில் உரச, மெல்லச் சுற்றிப் போனாள்.

அவள் விட்ட வழி ஒரு ஆளுக்கானது இல்லை. இரண்டு பேருக்கானது.